ஒரு ராத்திரி மேடைக்காக ஒரு வேலையா?

"வயது 25. திருச்சியில் பி.ஆர்க். முடித்தேன். ஒன்றரை வருடமாகச் சென்னையில் ஒரு ஆர்ட் டைரக்டரிடம் அசிஸ்டென்ட். சேனல் விருது விழாக்களுக்கு செட் போடுகிறோம். சனி, ஞாயிறில் ஒரு சின்ன நாடகக் குழுவுக்கும் மேடை அமைத்துத் தருகிறேன். நியூயார்க்கின் டோனி விருது விழாவை இணையத்தில் பார்த்ததிலிருந்து தூக்கம் போய்விட்டது. எனக்குப் பிடித்த நாடகமும் டி.வி.யும் சேரும் இடம் அதுதான் என்று தோன்றுகிறது. அந்த மேடையை வடிவமைப்பவராக ஆக என்ன படிக்க வேண்டும், எங்கே தொடங்க வேண்டும்? அப்பா, 'நாடகம் போடுறவனுக்கே சோறு கிடைக்கல, நாடகக்காரனுக்கு விருது கொடுக்க மேடை போடப் போறியா?' என்கிறார். நான் செய்த வேலைகளின் நான்கு படங்களை இணைத்திருக்கிறேன். திட்டினாலும் பரவாயில்லை, மேடம்."

— ஒரு வாசகி, சென்னை

அன்புள்ள தங்கைக்கு,

திட்ட ஒன்றும் இல்லை. மூன்றாவது படத்தைப் பற்றி மட்டும் கடைசியில் கொஞ்சம் சொல்கிறேன். முதலில் அப்பாவின் கேள்வி. கிண்டலாகக் கேட்டிருந்தாலும், உங்கள் கேள்வியைவிட அது கூர்மையானது.

டோனி விழா, அதாவது பிராட்வே என்ற நியூயார்க் தியேட்டர் வட்டாரத்து நாடகங்களுக்கான விருது விழா, வருடத்துக்கு ஒரு ராத்திரி. நேரலை மூன்று மணி நேரம். அதை மட்டும் செய்து யாரும் பிழைக்க முடியாது, யாரும் பிழைக்கவும் இல்லை. பல வருடங்கள் அந்த மேடையை வடிவமைத்த ஸ்டீவ் பாஸ், டி.வி. சிறப்பு நிகழ்ச்சிகளுக்கு செட் போட்டே வளர்ந்தவர். ஆஸ்கர் மேடையைத் திரும்பத் திரும்ப வடிவமைத்த ராய் கிறிஸ்டஃபர்தான் 'ஃப்ரேசியர்' என்ற நகைச்சுவைத் தொடரின் வீட்டு செட்டையும் வடிவமைத்தார். இன்று உலகமே பார்க்கும் விழா, நாளைக்கு நாலு பேர் உட்கார்ந்து பேசும் சோபா. அப்படித்தான் இந்தத் தொழில் ஓடுகிறது. நான் பதினெட்டு வருடமாக நியூயார்க்கில் டி.வி. கலைத் துறையில் இருக்கிறேன். விருது மேடைகளுக்கு வரைந்திருக்கிறேன், தேர்தல் இரவுச் செய்திக்கு மேசையும் வரைந்திருக்கிறேன். ஆனால் பல வருடம் என் வீட்டு வாடகையைக் கட்டியது ஒரு சமையல் நிகழ்ச்சியின் செட்தான். அப்பாவிடம் இதை அப்படியே சொல்லுங்கள். 'விருது விழாவுக்கு மேடை போடுகிறவள்' என்று ஒரு வேலை கிடையாது. 'நேரலை டி.வி.க்கு மேடை போடுகிறவள்' என்ற வேலை இருக்கிறது, அதில் சோறும் இருக்கிறது.

இப்போது அந்த ராத்திரிக்கு வருவோம். உங்கள் கடிதத்தில் ஒரு இடம் என்னை உறுத்தியது. "நாடகமும் டி.வி.யும் சேரும் இடம்" என்று எழுதியிருக்கிறீர்கள். சேரும் என்றா சொல்வது? அவை மோதிக்கொள்ளும் இடம் அது.

டோனி விருது தொடங்கியது 1947-ல், வால்டோர்ஃப் அஸ்டோரியா ஓட்டலின் விருந்து மண்டபத்தில். மேசை, சாப்பாடு, பேச்சு, அவ்வளவுதான். செட் எதற்கு? வெற்றி பெற்ற ஆண்களுக்கு சிகரெட் லைட்டர், பெண்களுக்கு முகப்பவுடர் டப்பி கொடுத்தார்கள். பதக்கம் 1949-ல்தான் வந்தது. அதை வடிவமைக்க மேடைக் கலைஞர்களின் தொழிற்சங்கம் ஒரு போட்டி வைத்தது. ஜெயித்தவர் ஹெர்மன் ரோஸ், நம் தொழில்காரர். மேடைக்கும் சினிமாவுக்கும் செட் போட்டவர், ஆஸ்கரும் வாங்கியவர். பிராட்வே நடிகர்கள் கண்ணீரோடு முத்தமிடும் அந்தப் பதக்கம் ஒரு ஆர்ட் டைரக்டர் வரைந்தது என்பதில் எனக்கு ஒரு அற்பப் பெருமை உண்டு.

1967-ல் விழா முதன்முறையாக நாடு முழுவதும் டி.வி.யில் ஒளிபரப்பானது. அன்றிலிருந்து மேடைக்காரருக்கு இரண்டு எஜமானர்கள். அரங்கில் உட்கார்ந்திருக்கும் கூட்டம் ஒன்று, வீட்டில் சோபாவில் சாய்ந்திருக்கும் கூட்டம் மற்றொன்று. முதல் கூட்டத்துக்கு முழு மேடையும் எப்போதும் தெரியும். இரண்டாவது கூட்டத்துக்கு கேமரா காட்டுவது மட்டுமே தெரியும். இரண்டு பேரையும் ஏமாற்றாமல் ஒரே செட்டில் சமாளிக்க வேண்டும்.

1997-லிருந்து பெரும்பாலான வருடங்கள் விழா நடப்பது ரேடியோ சிட்டி மியூசிக் ஹாலில். 1932-ல் திறந்த கட்டடம், கிட்டத்தட்ட 6,000 இருக்கைகள். மேடை மட்டும் 144 அடி அகலம், 66 அடி ஆழம். தரையே ஏறி இறங்கும் ஹைட்ராலிக் லிஃப்ட்டுகள் வேறு. சரி, பிராட்வே தியேட்டர் மேடையின் திறப்பு எவ்வளவு தெரியுமா? பல தியேட்டர்களில் 40 அடியை ஒட்டித்தான். இங்கேதான் சிக்கல். சிறந்த இசை நாடகத்துக்கான விருதுக்குப் போட்டியிடும் நாடகங்கள் ஆளுக்கொரு பாட்டை மேடையில் நடத்திக் காட்டும். 40 அடிக்காக யோசித்து யோசித்துச் செய்த செட்டைக் கொண்டுவந்து இந்த மைதானத்தில் வைத்தால், கல்யாண மண்டபத்தின் நடுவில் ஒரு குத்துவிளக்கை மட்டும் வைத்த மாதிரி இருக்கும்.

அதனால் விழா வடிவமைப்பாளரின் முதல் வேலை மேடையைச் சின்னதாக்குவது. பக்கத் தட்டிகள், மேலிருந்து இறங்கும் படுதாக்கள், உள்ளே தள்ளக்கூடிய எல்.இ.டி. தூண்கள் எல்லாம் அதற்காகத்தான். ஒரு பாட்டுக்கு 45 அடி, அடுத்ததற்கு 70 அடி, தொடக்க ஆட்டத்துக்கு முழுத் திறப்பு. நீங்கள் டி.வி.யில் பார்த்து மயங்கிய 'பிரம்மாண்டம்' பெரும்பாலும் இந்தச் சுருக்கி விரிக்கும் கணக்குதான். பெரிதாகவே வைத்துக்கொண்டிருந்தால் எதுவும் பெரிதாகத் தெரியாது.

இரண்டாவது வேலை, அடுத்தவர் செட்டுக்கு இடம் கொடுப்பது. அந்த இசை நாடகங்களின் செட்டுகள் உங்களுடையவை அல்ல. அவற்றை வடிவமைத்தவர்களும் அன்றைக்கு விருதுக்குப் போட்டியிடலாம். அவர்களுடைய நாற்காலியும் கதவும் படிக்கட்டும் தங்கள் தியேட்டரிலிருந்து லாரியில் வரும். சில நாடகங்களுக்கு அன்று மதியமும் காட்சி உண்டு. காலையில் இங்கே உடை போட்டு ஒத்திகை, மதியம் அங்கே ஆட்டம், ராத்திரி மறுபடி இங்கே. செட்டையும் அங்கிருந்து எடுத்து வரவா, ரெண்டாவதாக ஒன்று செய்யவா என்பது ஒவ்வொரு நாடகத்தோடும் தனித்தனிப் பஞ்சாயத்து. நம் ஊரில் பந்தல் போடுகிறவர் இதை நன்றாகப் புரிந்துகொள்வார். பந்தல் எவ்வளவு அழகாக இருந்தாலும் கண் போக வேண்டியது பொண்ணு மாப்பிள்ளை மேலே.

ஒரு செட்டை எடுத்துவிட்டு இன்னொன்றை வைக்க எவ்வளவு நேரம் கிடைக்கும்? விளம்பர இடைவேளை, இரண்டு அல்லது மூன்று நிமிடம். அதுவும் போதாதபோது முன்பக்கம் ஒரு படுதாவை இறக்கி, அதற்கு முன்னால் இரண்டு பேரை நிறுத்தி ஒரு விருதை அறிவிக்க வைப்பார்கள். அவர்கள் ஜோக் அடித்துக்கொண்டிருக்கும்போது பின்னால் நாற்பது பேர் சத்தமில்லாமல் ஒரு ஊரையே மாற்றிக்கொண்டிருப்பார்கள். இதை முதல்முறை பார்த்தபோது எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நம் கம்பெனி நாடகங்களில் தெருப் படுதாவை இறக்கி பஃபூனை முன்னால் விட்டு, பின்னால் தர்பாரை ஜோடித்தது இதேதானே? ஆர்.எஸ். மனோகர் நாடகங்களில் காட்சி மாறும் வேகத்தைப் பற்றி என் தாத்தா வாய் ஓயாமல் பேசுவார். உங்கள் நாடகக் குழுவில் பழைய ஆள் யாராவது இருந்தால் பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்கள். எந்தக் கல்லூரியிலும் இந்தப் பாடத்தை அவ்வளவு நன்றாக நடத்த மாட்டார்கள்.

செட்டை நகர்த்தும் அந்த நாற்பது பேரைப் பற்றி ஒரு வார்த்தை. நியூயார்க்கில் அவர்களுக்குத் தனிச் சங்கம் உண்டு, வடிவமைப்பாளர்களுக்குத் தனிச் சங்கம் உண்டு. என் முதல் வேலையின் முதல் நாள், வழியில் கிடந்த ஒரு நாற்காலியை நானே தூக்கி ஓரமாக வைத்தேன். மொத்த மேடையும் வேலையை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தது. சென்னையில் நீங்கள் பிளைவுட்டையும் தூக்கி, பெயிண்டும் அடித்து, டீயும் வாங்கி வந்திருப்பீர்கள். இங்கே வடிவமைப்பாளரின் கையில் பென்சில் மட்டும்தான். அதனால் பென்சில் சொல்வது துல்லியமாக இருக்க வேண்டும். பக்கத்தில் நின்று "அதை இல்லண்ணா, இதை" என்று சரிசெய்ய வழியில்லை.

அப்புறம் கேமரா. மூன்று மணி நேரத்தில் முழு மேடை தெரியும் காட்சி எத்தனை நிமிடம் என்று ஒருநாள் ஸ்டாப்வாட்ச் வைத்துப் பாருங்கள். அதிர்ச்சியாக இருக்கும். பெரும்பாலான நேரம் திரையில் இருப்பது மைக் முன்னால் நிற்கும் ஒருவரின் இடுப்புக்கு மேல். அவர் தலைக்குப் பின்னால் தெரியும் நாலடி அகலம்தான் வீட்டில் இருப்பவர்களுக்கு உங்கள் செட். அந்த நாலடியில் எல்.இ.டி. திரை இருந்தால், புள்ளிகளின் இடைவெளியும் கேமராவின் தூரமும் ஒத்துவராதபோது அலை அலையாகக் கோடு ஓடும். செங்குத்தான ஒரு விளக்குப் பட்டை இருந்தால் பேசுபவர் தலையில் கொம்பு முளைக்கும். நான் எந்த செட்டையும் மைக்கிலிருந்துதான் வரையத் தொடங்குவேன். மைக், அதன் பின்னால் நாலடி, அதற்கப்புறம்தான் மீதி உலகம்.

அதற்கடுத்தது படிக்கட்டு. இதை நான் பட்டுத்தான் கற்றேன். ஒரு விழாவுக்கு கறுப்புப் பளபளப்பில் படி வரைந்தேன். வரைபடத்தில் ராஜகம்பீரமாக இருந்தது. ஒவ்வொரு படியின் விளிம்பையும் பிரித்துக்காட்ட ஒன்றும் போடவில்லை, கோடு அழகைக் கெடுக்கும் என்று நினைத்தேன். நேரலையில் வயதான ஒரு நாடகாசிரியர் விருது வாங்க வந்தார். முகத்தில் வெளிச்சம், காலடியில் கறுப்பு. மூன்றாவது படியில் நின்றுவிட்டார். காலால் துழாவினார். நாலு வினாடி இருக்கும். யாரோ ஓடிவந்து கையைப் பிடித்தார்கள். விருது வாங்குகிறவர் பரவசத்தில் வருகிறார், தரையைப் பார்க்க மாட்டார், கீழே இழுபடும் கவுனும் குதிகால் உயர்ந்த செருப்பும் வேறு. அந்த நாலு வினாடியை இன்றும் எனக்கு யாரும் நினைவூட்ட வேண்டியதில்லை.

இதைவிடப் பெரிய பாடம் 2019 டோனி விழா. 'ஒக்லஹோமா!' இசை நாடகத்துக்காக ஆலி ஸ்ட்ரோக்கர் விருது வாங்கினார். சக்கர நாற்காலியில் இயங்கும் ஒரு நடிகர் டோனி வாங்கியது அதுதான் முதல்முறை. ஆனால் பார்வையாளர் பக்கத்திலிருந்து மேடைக்குச் சாய்தளம் இல்லை. அவர் மேடைக்குப் பின்னால் காத்திருந்து வர வேண்டியிருந்தது. பிறகு அதே நாடகம் சிறந்த மறுதயாரிப்புக்கான விருதை வென்றபோது மொத்தக் குழுவும் மேடை ஏறியது, அவரால் கூடப் போக முடியவில்லை. சரித்திரம் படைத்த ராத்திரி, ஆனால் இருக்கையிலிருந்து மேடைக்கு வழி இல்லை. இந்தத் தொழிலில் சாய்தளம் கடைசியில் ஒட்டவைக்கும் விஷயமாகவே ரொம்ப காலம் இருந்தது. நீங்கள் ஆர்க்கிடெக்ட், சாய்தளத்தின் கணக்கு உங்களுக்குத் தெரியும். முதல் கோட்டிலேயே அதைப் போட்டுப் பழகுங்கள். இது ஒன்றில் நீங்கள் எங்களில் பலரைவிட முன்னால் இருக்கிறீர்கள்.

இடமும் நிரந்தரமில்லை. 2011, 2012 இரண்டு வருடமும் ரேடியோ சிட்டியை ஒரு சர்க்கஸ் நிகழ்ச்சி பிடித்துக்கொண்டது, விழா பாதி அளவுள்ள பீக்கன் தியேட்டருக்குப் போனது. 2023-ல் நகரின் வடக்கே வாஷிங்டன் ஹைட்ஸில் யுனைடெட் பேலஸ், 1930-ல் கட்டிய ஆடம்பரமான பழைய திரையரங்கு. அந்த வருடம் எழுத்தாளர்கள் வேலைநிறுத்தம் வேறு, எழுதிய வசனம் ஒரு வரி கிடையாது. தொகுப்பாளர் அரியானா டிபோஸ் வெற்றுக் காகிதங்கள் நிறைந்த ஸ்கிரிப்ட் கோப்பைப் புரட்டிவிட்டு, பேசாமல் அந்தக் கட்டடத்துக்குள்ளேயே ஆடிக்கொண்டு மேடைக்கு வந்தார். தங்க முலாம் பூசியது மாதிரி இழைத்த சுவர்களை வைத்துக்கொண்டு தனியாக எதற்கு அலங்காரம்? 2024-ல் லிங்கன் சென்டரின் கோக் தியேட்டர், நடனத்துக்காகக் கட்டிய மேடை. போன வருட வரைபடத்தைத் தூசி தட்டி எடுக்கலாம் என்ற சௌகரியம் இந்த வேலையில் கிடையாது. சில சமயம் மாற்றம் அன்று காலையில்தான் வரும். 2016 விழா நாளன்று அதிகாலையில் ஆர்லாண்டோவில் துப்பாக்கிச் சூடு நடந்தது. அன்று ராத்திரி 'ஹாமில்டன்' இசை நாடகக் குழு, வழக்கமாகக் கையில் பிடிக்கும் துப்பாக்கிகள் இல்லாமல் தங்கள் பாட்டை ஆடியது.

இன்னொன்றும் தெரிந்துகொள்ளுங்கள். சிறந்த மேடை வடிவமைப்புக்கான டோனி விருது சமீப வருடங்களில் முக்கிய ஒளிபரப்புக்கு முன்பே கொடுக்கப்பட்டுவிடுகிறது. செட் போட்டவருக்கு விருது கொடுக்கும் காட்சி, செட்டைக் காட்டும் நிகழ்ச்சியில் இல்லை! கோபப்படலாம், நானும் படுவேன். ஆனால் புகழுக்காக வருகிறவர்களுக்கான பக்கம் இது இல்லை என்று தெரிந்தே வாருங்கள்.

சரி, படிப்பு. டில்லி தேசிய நாடகப் பள்ளியில் மேடை வடிவமைப்பு, புனே திரைப்படக் கல்லூரியில் கலை இயக்கம். இரண்டுமே உருப்படியானவை. உங்களுக்கு என் யோசனை டில்லி, ஏனென்றால் டி.வி. பக்கம் உங்களுக்கு ஏற்கெனவே கை பழகிவிட்டது. நாடகப் பக்கம்தான் சனி, ஞாயிறோடு நிற்கிறது. அமெரிக்காதான் என்றால் யேல் பல்கலைக்கழகத்தின் டேவிட் கெஃபன் நாடகப் பள்ளியை முதலில் பாருங்கள். 2021-லிருந்து அங்கே கல்விக் கட்டணம் கிடையாது. இடங்கள் கொஞ்சம்தான், போட்டி கடுமை, ஆனாலும் விண்ணப்பிக்காமல் விடாதீர்கள். நியூயார்க் பல்கலைக்கழகத்தின் டிஷ் கலைப்பள்ளியும் நல்ல இடம். ஆனால் அங்கே கட்டணத்துக்காகப் பெரிய கடன் வாங்கிப் போவதை நான் ஆதரிக்க மாட்டேன். இந்தத் தொழிலின் முதல் ஐந்து வருட வருமானம் அந்தக் கடனைத் தாங்காது.

படித்த பிறகு மாணவர்களுக்கான எஃப்-1 விசாவில் ஒரு வருடம் வேலை பார்க்கலாம். அதற்கப்புறம் கலைஞர்களுக்கான ஓ-1 விசாவை நாட வேண்டியிருக்கும். அதற்கு உங்கள் வேலையைப் பற்றிய ஆதாரம் மூட்டை மூட்டையாக வேண்டும், வடிவமைப்பாளர் சங்கத்தின் கருத்துக் கடிதமும் வேண்டும். அதனால் இப்போதே விமர்சனம், அழைப்பிதழ், புகைப்படம், உங்கள் பெயர் அச்சான எந்தத் துண்டுக் காகிதம் என்றாலும் பத்திரப்படுத்துங்கள். நான் அந்த நாளில் பாதியைத் தொலைத்துவிட்டு அவஸ்தைப்பட்டேன். நியூயார்க்கில் வடிவமைப்பாளர்களின் சங்கம் யுனைடெட் சீனிக் ஆர்டிஸ்ட்ஸ், லோக்கல் 829. டோனி பதக்கத்துக்குப் போட்டி நடத்தியது இந்தச் சங்கம்தான். உள்ளே நுழைந்த யாருமே நேராக வடிவமைப்பாளர் நாற்காலியில் உட்காருவதில்லை. முதலில் வரைவாளர், பிறகு உதவி ஆர்ட் டைரக்டர், பிறகு ஆர்ட் டைரக்டர். பத்து வருடம் போவதே தெரியாது. வெக்டர்வொர்க்ஸ் என்ற வரைபட மென்பொருளில் கை ஓட வேண்டும். ஆர்க்கிடெக்ட் என்பதால் உங்களுக்கு ஆட்டோகேட் தெரிந்திருக்கும், அதிலிருந்து மாறுவது ஒரு மாத வேலை.

போகாமலும் இருக்கலாம், அதையும் சொல்லிவிடுகிறேன். டில்லியில் 2006-லிருந்து மகிந்திரா நாடக விருதுகள் நடக்கின்றன. தேர்வான நாடகங்கள் டில்லி மேடையில் நடக்கும், கடைசியில் விருது இரவு. ஒரே மேடையில் ஒன்றன்பின் ஒன்றாக வேறு வேறு செட்டுகள் ஏறி இறங்குவதைப் பக்கத்தில் நின்று பார்க்க நம் நாட்டில் அதைவிட நல்ல இடம் எனக்குத் தெரியாது. தன்னார்வலராகவாவது ஒரு தடவை போய் நின்றுவிட்டு வாருங்கள். நியூயார்க் ஆசை அங்கேயே தீர்ந்துவிட்டாலும் நஷ்டமில்லை. பிராக் நகரில் நான்கு வருடத்துக்கு ஒரு முறை மேடை வடிவமைப்புக்கென்றே உலகக் கண்காட்சி நடக்கும், கடைசியாக 2023-ல் நடந்தது. அதில் மாணவர்களுக்குத் தனிப் பிரிவு உண்டு. படிப்பில் சேர்ந்துவிட்டால் அதையும் மனதில் வையுங்கள்.

கடைசியாகப் படங்கள். முதலாவதும் இரண்டாவதும் உங்கள் ஆர்ட் டைரக்டரின் கை, உங்களுடையது அல்ல. அப்படி இல்லை என்றால் மன்னியுங்கள். நாலாவது, அந்த நாடகக் குழுவுக்குப் போட்ட மூங்கில் தட்டி மேடை, எனக்கு ரொம்பப் பிடித்தது. மொத்தச் செலவையும் அதன் கீழே எழுதிவையுங்கள், பார்க்கிறவர்கள் மிரளட்டும். மூன்றாவது படத்தில் நடுவில் ஒரு நட்சத்திரம், அதற்கு நேர் கீழே மைக். யார் வந்து நின்றாலும் நட்சத்திரத்தின் இரண்டு முனை காதுக்கு மேலே நீட்டிக்கொண்டு நிற்கும். நட்சத்திரத்தை நாலடி ஏற்றுங்கள், இல்லையென்றால் மைக்கை ஆறடி இடப்பக்கம் நகர்த்துங்கள். அந்தத் தரைப்படத்தில் அளவும் போடவில்லை. போட்டுவிட்டு, மேடையின் குறுக்குவெட்டுப் படத்தையும் சேர்த்து மறுபடி அனுப்புங்கள். டில்லி விண்ணப்பத்துக்கு முன்னால் பார்த்துச் சொல்கிறேன்.